அன்ரனி வான் லீவன்ஹூக் (1632 – 1723): கூரைப் பீலியில் உயிரைக் கண்ட துணி வணிகர்

க.பொ.த. (சாதாரண தரம்) விஞ்ஞானம்: மேலதிக வாசிப்பு

அறிமுகம்

நுணுக்குக்காட்டி பற்றிய வினா வரும்போது மாணவர் பலர் லீவன்ஹூக்கின் பெயரையும் ஓர் ஆண்டையும் எழுதிவிட்டு அடுத்த வினாவுக்குச் சென்றுவிடுவர். அதற்குரிய புள்ளி கிடைத்துவிடும். எனினும் பல்கலைக்கழகம் செல்லாத, தாய்மொழி தவிர வேறு மொழி அறியாத ஒரு துணி வணிகர், அக்காலத்து அறிஞர் எவரும் கண்டிராத உயிர் உலகத்தை எவ்வாறு கண்டார்? அதனை நம்ப மறுத்தோரை எவ்வாறு நம்பவைத்தார்? தான் கண்டதற்கு அவர் கூறிய விளக்கங்கள் யாவும் சரியானவையா? இவற்றை அறிந்த மாணவர், அவதானம், பரிசோதனை, முடிவு ஆகிய மூன்றையும் வேறுபடுத்தி விளங்கிக்கொள்வர். விஞ்ஞான பாடத்தின் அடிப்படையே இதுதான்.

இப்பகுதியில் அவரது வாழ்க்கை வரலாற்றுடன், அவர் தமது முதுமையில் ஆராய்ந்த றொட்டிபெரா என்னும் நுண்ணிய நன்னீர் விலங்குகளின் அமைப்பு, வாழ்க்கை வட்டம், பாகுபாடு ஆகியனவும் தரப்பட்டுள்ளன. மாரியில் நிரம்பிக் கோடையில் வற்றும் எமது ஊர்க் குளங்களில் வாழ்வதற்கு ஏற்ற இயல்புகள் இவ்விலங்குகளிடம் உள்ளன.

1. டெல்வ்ற் நகரமும் யாழ்ப்பாணமும்

நெடுந்தீவுக்கு டெல்வ்ற் என்னும் பெயரும் உண்டு என்பதை நீங்கள் அறிவீர்கள். யாழ்ப்பாணத்தை ஆண்ட ஒல்லாந்தர் இங்குள்ள தீவுகளுக்குத் தம் நாட்டு நகரங்களின் பெயர்களைச் சூட்டினர். அந்த டெல்வ்ற் நகரத்திலேயே 1632 ஒக்ரோபர் 24 ஆம் திகதி லீவன்ஹூக் பிறந்தார்.

அதே ஆண்டில் அதே நகரத்தில் பிறந்த இன்னொருவர் பல்தேயஸ் பாதிரியார். 1658 இல் ஒல்லாந்தர் போர்த்துக்கேயரிடமிருந்து யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றியபோது இங்கு வந்து பணியாற்றியவர் இவர். 1672 இல் வெளிவந்த இவரது நூலில் யாழ்ப்பாணத்துக் கோவிற்பற்றுகள் விபரிக்கப்பட்டுள்ளன. அவற்றுள் பண்டத்தரிப்பும் ஒன்று. ஒரே ஊரில் பிறந்த இருவருள் ஒருவர் கடல் கடந்து வந்து எமது ஊர்களைக் கண்டு எழுதினார். மற்றவர் தமது ஊரிலேயே இருந்துகொண்டு ஒரு துளி நீருக்குள் புதியதோர் உலகத்தைக் கண்டு எழுதினார்.

2. இளமையும் தொழிலும்

லீவன்ஹூக்கின் தந்தையார் கூடை முடையும் தொழில் செய்தவர். மகன் சிறுவனாக இருக்கும்போதே அவர் இறந்துவிட்டார். தாயார் மறுமணம் செய்துகொண்டார். சிறுவன் வேறோர் ஊரிலுள்ள பாடசாலைக்கு அனுப்பப்பட்டான். பின்னர் உறவினர் ஒருவரின் வீட்டில் சில காலம் வளர்ந்தான். அக்காலத்தில் அறிவியல் நூல்கள் பெரும்பாலும் இலத்தீன் மொழியிலேயே எழுதப்பட்டன. லீவன்ஹூக் இலத்தீன் கற்கவில்லை. எனவே பல்கலைக்கழகக் கல்வி அவருக்குக் கிட்டவில்லை.

1648 இல், 16 ஆவது வயதில், அம்ஸ்ரடாம் நகரத்திலுள்ள துணி வணிகர் ஒருவரிடம் தொழில் பழகச் சேர்ந்தார். துணியின் தரத்தை அறிய அதன் இழைகளை எண்ணிப் பார்ப்பது வழக்கம். அதற்குத் துணி வணிகர் உருப்பெருக்கும் கண்ணாடியைப் பயன்படுத்தினர். 1654 இல் டெல்வ்ற் திரும்பிய அவர் திருமணம் செய்து சொந்தமாகத் துணிக்கடை ஒன்றைத் திறந்தார். 1660 இல் நகர மன்றத்தில் ஒரு சிறு பதவி கிடைத்தது. மன்ற மண்டபத்தைத் திறந்து பூட்டுதல், துப்புரவாக வைத்திருத்தல், குளிர்காலத்தில் கணப்பு மூட்டுதல் போன்றவற்றை மேற்பார்வை செய்வது அப்பதவிக்குரிய கடமையாகும். பின்னர் நில அளவையாளராகவும், வைன் பீப்பாக்களின் கொள்ளளவை அளக்கும் உத்தியோகத்தராகவும் பணிபுரிந்தார். அளத்தலும் எண்ணுதலுமே அவரது அன்றாடத் தொழில்களாக இருந்தன என்பதைக் கவனிக்குக. பிற்காலத்தில் அவர் எழுதிய ஒவ்வொரு கடிதத்திலும் இப்பழக்கத்தைக் காணலாம்.

குடும்ப வாழ்வில் அவர் பெருந்துயரங்களை அனுபவித்தார். முதல் மனைவிக்குப் பிறந்த ஐந்து பிள்ளைகளுள் மரியா என்னும் மகள் மாத்திரமே உயிர் தப்பி வளர்ந்தார். 1666 இல் மனைவியும் இறந்தார். 1671 இல் மறுமணம் செய்தார். இக்காலத்தை அண்மித்தே அவர் வில்லைகள் செய்வதில் ஈடுபடத் தொடங்கினார்.

3. அவர் செய்த நுணுக்குக்காட்டி

இன்று பாடசாலை ஆய்வுகூடத்தில் நீங்கள் பயன்படுத்துவது கூட்டு நுணுக்குக்காட்டி ஆகும். அதில் பார்வைத்துண்டு, பொருள்வில்லை என இரு வில்லைத் தொகுதிகள் உண்டு. லீவன்ஹூக் பயன்படுத்தியது ஒரே ஒரு வில்லை கொண்ட எளிய நுணுக்குக்காட்டி ஆகும்.

இரு சிறிய உலோகத் தகடுகளுக்கிடையே கடுகளவான ஒரு கண்ணாடி வில்லை பொருத்தப்பட்டிருக்கும். வில்லையின் முன்னால் ஓர் ஊசி முனை இருக்கும். பார்க்க வேண்டிய பொருளை அதில் ஒட்டித் திருகாணிகளைத் திருப்பிக் குவியப்படுத்த வேண்டும். கருவி முழுவதும் உள்ளங்கையில் அடங்கிவிடும். அதனைக் கண்ணுக்கு மிக அருகில் பிடித்து வெளிச்சத்தை நோக்கிப் பார்க்க வேண்டும்.

அக்காலக் கூட்டு நுணுக்குக்காட்டிகளில் இரு வில்லைகளின் குறைபாடுகளும் ஒன்று சேர்ந்து விம்பத்தை மங்கச் செய்தன. வில்லை ஒன்றாயின் அக்குறைபாடு குறைவு. ஆனால் உருப்பெருக்கம் கூட வேண்டுமெனில் வில்லை மிகச் சிறியதாகவும் செம்மையாகவும் இருக்க வேண்டும். லீவன்ஹூக் தம் வாழ்நாளில் ஐந்நூறுக்கு மேற்பட்ட வில்லைகளைச் செய்தார். இன்று எஞ்சியுள்ள அவரது கருவிகளுள் சிறந்தது ஏறத்தாழ 270 மடங்கு உருப்பெருக்கம் கொண்டது.

நினைவிற் கொள்க: றொபேட் ஹூக்கையும் லீவன்ஹூக்கையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. 1665 இல் தக்கை வெட்டுமுகத்தில் கலம் என்னும் அறைகளைக் கண்டு பெயரிட்டவர் இங்கிலாந்தைச் சேர்ந்த ஹூக். அவர் கண்டவை இறந்த கலங்களின் சுவர்களாகும். உயிருள்ள தனிக்கல அங்கிகளை முதலில் விபரித்தவர் லீவன்ஹூக்.

4. கடிதங்களும் சந்தேகமும் சாட்சிகளும்

1673 இல் டெல்வ்ற் நகர மருத்துவர் றெய்னியர் டி கிராவ், இலண்டன் றோயல் கழகத்தின் செயலாளருக்கு லீவன்ஹூக்கை அறிமுகஞ் செய்துவைத்தார். அன்று தொடக்கம் ஐம்பது ஆண்டுகளாக லீவன்ஹூக் அக்கழகத்துக்குக் கடிதங்கள் எழுதினார். நூலொன்றைத் திட்டமிட்டு எழுதும் பழக்கம் அவருக்கு இருக்கவில்லை. கண்டதைக் கண்டவாறு கடிதமாக எழுதினார். தமக்குத் தெரிந்த ஒரே மொழியான ஒல்லாந்த மொழியிலேயே எழுதினார். கழகத்தார் அவற்றை மொழிபெயர்த்து வெளியிட்டனர். வரைதலில் தமக்குத் திறமையில்லை என்பதை உணர்ந்து, ஓவியர்களை அமர்த்திப் படங்களை வரைவித்தார்.

1674 இல் நகருக்கு அருகிலுள்ள ஏரியொன்றின் நீரைப் பரிசோதித்தபோது, பச்சை நிற இழைகளையும் அவற்றிடையே அசையும் மிகச் சிறிய விலங்குகளையும் கண்டார். 1676 இல் மிளகை ஊறவைத்த நீரை ஆராய்ந்தார். மிளகின் உறைப்புக்குக் காரணம் என்ன என்று அறிவதே அவரது நோக்கம். ஆனால் அந்நீரில் அவர் கண்டவையோ எண்ணற்ற உயிரிகள். அவற்றுள் மிகச் சிறியவை பற்றீரியாக்கள் என இன்று கருதப்படுகின்றன.

அவ்வாண்டு ஒக்ரோபரில் அவர் எழுதிய கடிதத்தை றோயல் கழகத்தார் எளிதில் நம்பவில்லை. ஒரு துளி நீரில் பல்லாயிரம் உயிர்கள் என்பது அன்று கற்பனை போலவே தோன்றியது. பட்டம் பெறாத, வெளிநாட்டு வணிகர் ஒருவர் கூறுவதை எதனை ஆதாரமாகக் கொண்டு ஏற்பது?

லீவன்ஹூக் சினங் கொள்ளவில்லை. மதகுருமார், சட்டம் சார்ந்தோர் முதலிய மதிப்புக்குரிய எட்டுப் பேரை அழைத்துத் தமது கருவியின் ஊடாக நீரைப் பார்க்கச் செய்தார். அவர்கள் தாம் கண்டதை எழுத்துமூலம் உறுதிப்படுத்தினர். அச்சான்றுகளை இலண்டனுக்கு அனுப்பினார். இலண்டனில் றொபேட் ஹூக் தாமே மிளகு நீரைத் தயாரித்துப் பார்த்தார். முதலில் எதனையும் காண முடியவில்லை. கருவியைத் திருத்தி மீண்டும் முயன்று, 1677 நவம்பரில் கழக உறுப்பினர்கள் முன்னிலையில் அவ்வுயிரிகளைக் காட்டினார். ஒருவர் கண்டதை வேறொருவர், வேறோர் இடத்தில், தாமே செய்து காண முடிந்தால் அன்றி அது விஞ்ஞான உண்மையாகாது. லீவன்ஹூக்கின் கூற்று இச்சோதனையில் வெற்றி பெற்றது. 1680 இல் றோயல் கழகம் அவரை உறுப்பினராகத் தெரிவு செய்தது.

மொழி பற்றி ஒரு குறிப்பு: உயர்ந்த அறிவியலைத் தாய்மொழியில் எழுத முடியும் என்பதற்கு லீவன்ஹூக்கின் கடிதங்கள் சான்றாகும். எமது பிரதேசத்திலும் இதற்கு ஒரு முன்னுதாரணம் உண்டு. அமெரிக்க மருத்துவர் ஜோன் ஸ்கடர் 1820 முதல் பண்டத்தரிப்பில் மருத்துவப் பணி செய்தார். அவருக்குப் பின் 1847 இல் யாழ்ப்பாணம் வந்த மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன், மானிப்பாயில் மேலைத்தேய மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். அதற்கான நூல்களையும் கலைச்சொற்களையும் தமிழில் ஆக்கினார். தமிழ் மொழிமூலம் கற்பது அறிவியலுக்குத் தடையாகும் என எண்ணும் மாணவர் இவ்விருவரையும் நினைவுகூர வேண்டும்.

5. பீலித் தூசியும் சக்கர விலங்கும்

1701 ஆம் ஆண்டு கோடையில் லீவன்ஹூக்குக்கு வயது 68. வீட்டுக் கூரையின் ஈயப் பீலியில் தேங்கிய மழைநீரை ஆராய்ந்தார். அந்நீரில், தலைப்பகுதியில் பற்களுள்ள இரு சக்கரங்கள் சுழல்வதுபோற் காணப்பட்ட விலங்குகள் வாழ்ந்தன. அவை சில வேளைகளில் அட்டைபோல நீண்டும் சுருங்கியும் ஊர்ந்தன. இவ்வகை விலங்கொன்றைப் பற்றி இங்கிலாந்தைச் சேர்ந்த ஜோன் ஹரிஸ் 1696 இல் எழுதியிருந்தார். ஆயினும் இவற்றை விரிவாகப் பரிசோதித்த பெருமை லீவன்ஹூக்கையே சாரும்.

வெயிலில் பீலி வற்றியது. அடியில் காய்ந்த மண்டி மாத்திரம் எஞ்சியது. நீரில் வாழும் விலங்கு நீர் வற்றினால் இறந்துவிடும் என்றே எவரும் எண்ணுவர். லீவன்ஹூக் அவ்வாறு எண்ணி விட்டுவிடவில்லை. காய்ந்த மண்டியில் சிறிதளவை எடுத்து ஒரு கண்ணாடிக் குழாயில் இட்டு, அதன்மேல் நீரை ஊற்றி, நுணுக்குக்காட்டியால் அவதானித்தார். ஒரு மணித்தியாலத்துக்குள் விலங்குகள் சில விரிந்து ஊரவும் நீந்தவும் தொடங்கின.

ஒரு தடவை கண்டதுடன் அவர் திருப்தியடையவில்லை. பரிசோதனையை மீண்டும் மீண்டும் செய்தார். காய்ந்த மண்டியைப் பல மாதங்கள் வைத்திருந்து பின் நீர் ஊற்றியும் பார்த்தார். அப்போதும் விலங்குகள் அசைந்தன. 1702 பெப்ரவரியில் இதனை விரிவான கடிதமாக எழுதினார்.

இக்கடிதத்தில் அவர் கூறிய விடயங்களை மூன்றாகப் பிரித்து நோக்கலாம்.

(அ) அவதானம்: காய்ந்த மண்டிக்கு நீர் சேர்க்கப்பட்டதும் விலங்குகள் மீண்டும் இயங்கின. இது சரியானது. இன்றும் எவரும் செய்து பார்க்கலாம்.

(ஆ) முதலாவது அனுமானம்: காய்ந்த நிலையிலுள்ள விலங்குகள் காற்றிலே தூசியுடன் சேர்ந்து பரவக்கூடும். ஆகவேதான் வானத்துக்குத் திறந்த எந்த நீர்த்தேக்கத்திலும் அவை தோன்றுகின்றன. இதுவும் சரியெனப் பின்னர் தெரியவந்தது. சிற்றுயிர்கள் அழுக்கிலிருந்து தாமாகவே தோன்றுகின்றன என்று பலர் நம்பிய காலம் அது. அந்நம்பிக்கையை லீவன்ஹூக் ஏற்கவில்லை.

(இ) இரண்டாவது அனுமானம்: இவ்விலங்குகளின் தோல் மிக இறுக்கமானது. ஆகவே உடலிலுள்ள நீர் ஆவியாகாது காக்கப்படுகிறது. இது தவறானது. உண்மையில் அவற்றின் உடலிலிருந்து ஏறத்தாழ நீர் முழுவதும் வெளியேறிவிடுகிறது.

அவதானம் சரியாக இருந்தும் விளக்கம் தவறாக இருக்கலாம். விளக்கத்தைப் பிற்காலத்தவர் திருத்தினர். அவதானமோ முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாகியும் மாறவில்லை. செய்முறைப் பரீட்சையில் அவதானம் என்னும் நிரலில் முடிவை எழுதிப் புள்ளியை இழக்கும் மாணவர் இவ்வேறுபாட்டை நன்கு மனதிற் பதிக்க வேண்டும்.

6. றொட்டிபெரா: இன்றைய அறிவு

றொட்டிபெரா என்பதன் பொருள் சக்கரம் தாங்கி என்பதாகும். இவை விலங்கு இராச்சியத்தில் ஒரு தனிக் கணமாக வைக்கப்படுகின்றன. ஏறத்தாழ 2000 இனங்கள் அறியப்பட்டுள்ளன. பெரும்பாலானவை நன்னீரில் வாழ்பவை. குளம், வயல், பாசி, ஈரமண், கூரைப் பீலி ஆகிய இடங்களில் இவற்றைக் காணலாம்.

பருமன்: பெரும்பாலானவை 0.1 மில்லிமீற்றர் முதல் 0.5 மில்லிமீற்றர் வரை நீளமானவை. பரமீசியம் போன்ற தனிக்கல அங்கிகள் சிலவற்றை விடவும் சிறியனவாக இருக்கலாம். எனினும் இவை பல்கல விலங்குகளாகும். ஏறத்தாழ 1000 கலங்களால் ஆன உடலில் வாய், சமிபாட்டுக் கால்வாய், நரம்புத் திரட்டு, கழிவகற்றும் உறுப்புகள், இனப்பெருக்க உறுப்புகள் யாவும் உண்டு.

உடலின் முக்கிய பகுதிகள்:

• முடி: தலைப்பகுதியில் உள்ள பிசிர் வளையம். பிசிர்கள் ஒன்றன்பின் ஒன்றாக அடிக்கும்போது அலையொன்று சுற்றி ஓடுவதுபோலத் தோன்றும். லீவன்ஹூக் கண்ட சக்கரம் இதுவே. உண்மையில் எதுவும் சுழல்வதில்லை. இவ்வசைவு நீரோட்டத்தை ஏற்படுத்தி உணவை வாய்க்குக் கொண்டுவருகிறது. நீந்தவும் உதவுகிறது.

• அரைக்கும் தொண்டை: தசைப்பிடிப்பான இப்பகுதியில் கடினமான தாடைகள் உண்டு. உணவு இங்கு அரைக்கப்படுகிறது. தாடைகளின் வடிவம் இனங்களை வேறுபடுத்தி அறிய உதவுகிறது.

• உடற்பகுதி: சிலவற்றில் கடினமான கவசம் காணப்படும். உடற்குழி போலி உடற்குழி ஆகும்.

• பாதம்: பெரும்பாலானவற்றில் பின்முனையில் விரல்கள் கொண்ட பாதம் உண்டு. அதிலுள்ள சுரப்பிகளின் பசை மூலம் தாவரங்களிலும் கற்களிலும் ஒட்டிக்கொள்ளும்.

பாகுபாடு: நீண்ட காலமாகப் பின்பற்றப்படும் முறையின்படி இக்கணம் மூன்று பிரிவுகளைக் கொண்டது.

1. செய்சோனிடியா – கடலில் வாழும் சில இனங்களே உண்டு. சிறிய கிறஸ்ரேசியா விலங்குகளின் மேல் வாழ்பவை. ஆண், பெண் இரண்டும் உண்டு.

2. டெலோயிடியா – இரு சூலகங்கள் உண்டு. அட்டைபோல ஊர்பவை. ஆண் விலங்கு இதுவரை கண்டறியப்படவில்லை. பெண் விலங்குகள் கருக்கட்டாத முட்டைகள் மூலமே பெருகுகின்றன. உலர்ந்து மீளும் ஆற்றல் பெரும்பாலானவற்றுக்கு உண்டு. உதாரணம்: பிலோடினா, அடினெற்றா. லீவன்ஹூக்கின் பீலி விலங்குகள் இப்பிரிவைச் சேர்ந்தவை.

3. மொனொகொனொன்ரா – ஒரு சூலகம் உண்டு. இனங்களுள் பெரும்பகுதி இப்பிரிவைச் சேர்ந்தது. உதாரணம்: பிரக்கியோனஸ், கெரரெல்லா.

முட்தலைப் புழுக்கள் எனப்படும் ஒட்டுண்ணிகள் முன்னர் வேறொரு கணமாகக் கொள்ளப்பட்டன. மரபணு ஆய்வுகள் அவை றொட்டிபெராக்களுக்கு மிக நெருங்கிய உறவுடையவை எனக் காட்டியுள்ளன. புதிய சான்றுகள் கிடைக்கும்போது பாகுபாடு மாற்றியமைக்கப்படும் என்பதற்கு இது நல்ல உதாரணமாகும்.

வாழ்க்கை வட்டம் (மொனொகொனொன்ரா): சூழல் சாதகமாக இருக்கும்போது பெண் விலங்குகள் இழையுருப்பிரிவு மூலம் இருமடிய முட்டைகளை இடும். அவை கருக்கட்டாமலே பெண்களாக விருத்தியடையும். இதனால் சில நாட்களில் எண்ணிக்கை பன்மடங்காகும். நெரிசல் போன்ற மாற்றங்கள் ஏற்படும்போது சில பெண்கள் ஒடுக்கற்பிரிவு மூலம் ஒருமடிய முட்டைகளை இடும். அவை கருக்கட்டாவிடின் சிறிய ஆண்களாகும். கருக்கட்டினால் தடித்த கோதுள்ள ஓய்வு முட்டைகளாகும். இம்முட்டைகள் குளத்துச் சேற்றில் வரட்சியைத் தாங்கிக் கிடந்து, நீர் வந்ததும் பொரிக்கும்.

யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு கிடையாது. ஒக்ரோபர் முதல் டிசெம்பர் வரை பெய்யும் வடகீழ்ப் பருவ மழையால் பண்டத்தரிப்பு போன்ற வலிகாமத்து ஊர்களின் குளங்களும் கேணிகளும் நிரம்புகின்றன. கோடையில் அவற்றுட் பல வற்றி நிலம் வெடிக்கிறது. இத்தகைய நீர்நிலைகளில் வாழும் நுண்விலங்குகளுக்கு இரு வழிகளே உண்டு. டெலோயிடியாக்களைப் போல உடலையே உலர்த்திக் காத்திருத்தல் ஒன்று. மொனொகொனொன்ராக்களைப் போல ஓய்வு முட்டைகளை விட்டுச் செல்லல் மற்றொன்று.

பொருளாதார முக்கியத்துவம்: பிரக்கியோனஸ் இனங்கள் மீன், இறால் குஞ்சுகளுக்கு முதல் உணவாக வளர்க்கப்படுகின்றன. குளங்களில் அல்காக்களையும் பற்றீரியாக்களையும் உண்டு, தாம் மீன் குஞ்சுகளுக்கு உணவாகி, உணவுச் சங்கிலியில் முக்கிய இணைப்பாக விளங்குகின்றன. இலங்கையின் நன்னீர் நுண்விலங்குகள் பற்றி ஹங்கேரி நாட்டு விலங்கியலாளர் டடாய் 1898 இல் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார். 1970 களிலும் இலங்கை றொட்டிபெராக்கள் பற்றி விரிவான ஆய்வுகள் வெளிவந்தன.

7. ஐயம் தீர்ந்த கதை

லீவன்ஹூக்கின் பீலி விலங்கு அவருக்குப் பின்னும் விவாதப் பொருளாகவே இருந்தது. முற்றாக உலர்ந்த ஒன்று மீண்டும் உயிர்பெறுமாயின் உயிர் என்பது யாது? 1859–60 இல் பாரிஸ் நகரில் இதனை ஆராய அறிஞர் குழுவொன்று அமைக்கப்பட்டது. இத்தகைய விலங்குகள் மிகக் கடுமையாக உலர்த்தப்பட்ட பின்னரும் மீள்வதை அக்குழு உறுதிப்படுத்தியது. 1959 இல் டேவிட் கெய்லின் என்னும் உயிரியலாளர் இந்நிலைக்கு மறைந்த உயிர்நிலை எனப் பொருள்படும் கலைச்சொல்லை வழங்கினார். உலரும்போது சிதையும் டீ.என்.ஏ. மூலக்கூறுகளை டெலோயிடியாக்கள் நீர் கிடைத்ததும் திருத்திக்கொள்கின்றன என்பது பிற்கால ஆய்வுகளில் வெளிவந்தது. சைபீரியாவின் உறைநிலத்தில் ஏறத்தாழ 24,000 ஆண்டுகள் உறைந்து கிடந்த டெலோயிடியா ஒன்று மீண்டும் இயங்கி இனம் பெருக்கியதாக 2021 இல் அறிவிக்கப்பட்டது.

8. இறுதிக் காலமும் மதிப்பீடும்

லீவன்ஹூக்கின் புகழ் ஐரோப்பா எங்கும் பரவியது. 1698 இல் ரஷ்யப் பேரரசர் மகா பீற்றர் டெல்வ்ற் வந்தபோது அவரைச் சந்தித்தார். அவரோ தம் ஊரை விட்டு நீங்கவில்லை. இரண்டாம் மனைவியும் 1694 இல் இறந்தபின் மகள் மரியாவே துணையாக இருந்தார். 1723 ஓகஸ்ட் 26 ஆம் திகதி, 90 ஆவது வயதில் அவர் இறந்தார். இறப்பதற்குச் சற்று முன்வரை அவதானங்களை எழுதுவித்தார். வெள்ளியாலான 26 நுணுக்குக்காட்டிகளை அவரது விருப்பப்படி மரியா றோயல் கழகத்துக்கு அனுப்பிவைத்தார். டெல்வ்ற் பழைய தேவாலயத்தில் தந்தைக்கு நினைவுச் சின்னமும் அமைத்தார்.

அவரிடம் ஒரு குறையும் இருந்தது. மிகச் சிறந்த வில்லைகளைச் செய்யும் முறையையும் அவற்றைக் கொண்டு பார்க்கும் முறையையும் அவர் எவருக்கும் கற்பிக்கவில்லை. மாணவர் எவரையும் உருவாக்கவில்லை. கண்டதை எல்லோருக்கும் கூறியவர் காணும் வழியை மறைத்துவிட்டார். அவருடன் அக்கலையும் மறைந்தது. றோயல் கழகத்துக்கு அவர் அளித்த கருவிகளும் பின்னர் காணாமற் போயின. பற்றீரியாக்கள் நோய்களுக்குக் காரணமாகும் என்பதை பாஸ்ரரும் கொக்கும் நிறுவ மேலும் ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் சென்றது. அறிவு வளர வேண்டுமாயின் முடிவுகளைப் போலவே முறைகளும் பகிரப்பட வேண்டும்.

எனினும் பொறுமை, அளவீடு, மீளச் செய்தல், சந்தேகிப்போரைப் பார்க்க அழைத்தல் ஆகிய நான்கும் அவரை ஒரு துணிக்கடையிலிருந்து உயிரியலின் முன்னோடிகளுள் ஒருவராக உயர்த்தின. இவற்றுள் எதற்கும் பெருஞ் செல்வமோ அந்நிய மொழியோ தேவைப்படவில்லை.

9. காலக்கோடு

1632 – டெல்வ்ற் நகரில் பிறப்பு
1654 – துணிக்கடை ஆரம்பம்
1673 – றோயல் கழகத்துடன் கடிதத் தொடர்பு
1674 – ஏரி நீரில் நுண்ணுயிர்களைக் காணல்
1676 – மிளகு நீர் பற்றிய கடிதம்
1677 – றொபேட் ஹூக் உறுதிப்படுத்தல்
1680 – றோயல் கழக உறுப்பினராதல்
1701–1702 – பீலி மண்டிப் பரிசோதனைகள்
1723 – மறைவு

10. மாதிரி வினாக்கள்

1. எளிய நுணுக்குக்காட்டிக்கும் கூட்டு நுணுக்குக்காட்டிக்கும் இடையிலான பிரதான வேறுபாடு யாது?

2. ஹூக் 1665 இல் கண்டவற்றுக்கும் லீவன்ஹூக் 1674 இல் கண்டவற்றுக்கும் இடையிலான வேறுபாடு ஒன்றைத் தருக.

3. றொட்டிபெரா, பரமீசியம் இரண்டும் நுணுக்குக்காட்டியாலேயே தெளிவாகத் தெரிவன. எனினும் இரண்டையும் ஒரே கூட்டத்தில் வைக்க முடியாதது ஏன்?

4. காய்ந்த பீலி மண்டிக்கு நீர் சேர்த்தபோது விலங்குகள் தோன்றின. அவை சேர்க்கப்பட்ட நீருடன் வந்தவை என ஒருவர் வாதிடுகிறார். அவ்வாதத்தைச் சோதிக்கக் கட்டுப்பாட்டுப் பரிசோதனை ஒன்றைத் திட்டமிடுக.

5. கோடையில் வற்றும் குளத்தில் றொட்டிபெராக்கள் தப்பிப் பிழைக்கும் இரு வழிகளைக் குறிப்பிடுக.

விடைக் குறிப்புகள்

1. எளியதில் ஒரு வில்லை. கூட்டில் பார்வைத்துண்டு, பொருள்வில்லை என இரு தொகுதிகள்.

2. ஹூக் கண்டவை இறந்த கலச் சுவர்கள். லீவன்ஹூக் கண்டவை உயிருள்ள, அசையும் அங்கிகள்.

3. பரமீசியம் தனிக்கல அங்கி. றொட்டிபெரா உறுப்புகள் கொண்ட பல்கல விலங்கு. பருமன் மாத்திரம் பாகுபாட்டுக்கு அடிப்படையாகாது.

4. கொதிக்கவைத்து ஆறவிட்ட நீரை இரு குழாய்களில் சம அளவு எடுக்க. ஒன்றில் மாத்திரம் காய்ந்த மண்டியை இடுக. இரண்டையும் மூடி, ஒரே நிலைமைகளில் வைத்து, குறித்த நேர இடைவெளிகளில் ஒவ்வொரு துளியை எடுத்து அவதானிக்க. மண்டியுள்ள குழாயில் மாத்திரம் விலங்குகள் காணப்பட்டால் அவை மண்டியிலிருந்தே வந்தவை.

5. உடல் உலர்ந்து மறைந்த உயிர்நிலையை அடைதல். தடித்த கோதுள்ள ஓய்வு முட்டைகளை இடல்.

செயற்பாடு: மதிலில் காய்ந்திருக்கும் பாசியை அல்லது வற்றிய குளத்தின் மேற்படை மண்ணைச் சிறிதளவு எடுத்து, கொதித்தாறிய நீரில் இட்டு வைக்குக. ஒரு மணித்தியாலத்தின் பின்னும் மறுநாளும் ஒரு துளியை வழுக்கியில் இட்டு, ஆசிரியரின் உதவியுடன் 100 மடங்கு உருப்பெருக்கத்தில் பார்க்க. கண்டதை மாத்திரம் அவதானம் என்னும் நிரலில் எழுதுக. எதனையும் காணாவிடின் அதனையும் அவ்வாறே எழுதி, வேறோர் இடத்து மண்ணைக் கொண்டு மீண்டும் செய்க. செயற்பாட்டின் பின் கைகளைச் சவர்க்காரமிட்டுக் கழுவுக.